வாசல் விளக்கு அணைந்திருந்தால்

மரக்கதவுக்கு முன்னால் குளிருக்காகப் போட்டிருக்கும் வெளிக் கண்ணாடிக் கதவில் பனி பூப்பது அந்த ஊரில் அதிசயமில்லை. குளிர்காலம் பிடித்துவிட்டால் சமையலறையின் ஆவி, குழந்தையைக் குளிப்பாட்டும் வெந்நீரின் ஆவி, வீட்டில் உள்ளவர்கள் விடும் மூச்சு எல்லாம் மரக்கதவின் இடுக்கு வழியாகக் கசிந்துபோய் அந்தக் கண்ணாடியில் ஒட்டி, விடிவதற்குள் இறகு இறகாக உறைந்து நிற்கும். எப்போதும் உள்பக்கம்தான். அன்று சாயங்காலம் மரிஸா பார்த்த பனி வெளிப்பக்கம் இருந்தது. உள்ளங்கை அகலத்துக்கு ஒரே ஒரு வெள்ளை வட்டம். உள்ளிருந்து நகத்தால் சுரண்டினாள், நகம் வெறும் கண்ணாடியில்தான் வழுக்கியது.

வட்டம் அவளுடைய கழுத்தெலும்பு உயரத்தில் இருந்தது. அவளைவிட ஒரு சாண் குள்ளமான யாரோ, கண்ணாடியோடு முகத்தை வைத்துக்கொண்டு நெடுநேரம் நின்று மூச்சு விட்டால் அந்த இடத்தில்தான் பிடிக்கும். தபால்காரராக இருக்கும் என்று சொல்லிக்கொண்டாள். தபால்காரர் நெட்டை ஆள். அதுவும் சாலையோரத்துத் தபால் பெட்டியைத் தாண்டி அவர் உள்ளே வந்ததே கிடையாது. இருந்தாலும் தபால்காரர் என்றே வைத்துக்கொண்டாள்.

மரக்கதவைச் சாத்தித் தாழ்போட்டுவிட்டு வாசல் விளக்கின் சுவிட்சை ஒரு தடவை தொட்டுப் பார்த்தாள். அணைந்துதான் இருந்தது. மாமியார் இறந்த நாளிலிருந்து அந்த விளக்கை அவள் போடுவதே இல்லை.

மாமியார் பெயர் லவோன். கெட்ட மனுஷி என்று அவளை எதிரிகூடச் சொல்லமாட்டான். எதிரி என்று ஒருவன் இருந்தால்தானே சொல்வதற்கு. அமெரிக்காவில், மினசோட்டாவின் வடகோடியில் இருந்த அந்த ஊரில் யார் வீட்டில் சாவு விழுந்தாலும், யாருக்குப் பிள்ளை பிறந்தாலும், கொத்துக்கறியின்மேல் உருளைக்கிழங்கு அடுக்கி அடுப்பில் வாட்டிய ஹாட்டிஷ் முதலில் போய்ச் சேர்வது லவோன் வீட்டிலிருந்துதான். கஷ்டம் என்னவென்றால், மகன் வீட்டுச் சாவி ஒன்று அவள் கைப்பையில் இருந்தது.

மரிஸாவுக்கு ஹன்னா பிறந்த பிறகு அந்தச் சாவி ஓயவே இல்லை. மரிஸா அரைத்தூக்கத்தில் குழந்தைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருப்பாள். அறை வாசலில் "நான்தான், நான்தான்" என்று குரல் கேட்கும். குளித்துவிட்டு வந்தால் அவளுடைய உள்ளாடைகள் மடிக்கப்பட்டு வேறு இழுப்பறைக்குப் போயிருக்கும். கழுவி வைத்த பால் புட்டிகளை லவோன் மறுபடி கழுவுவாள். ஏன் என்று கேட்டால், "சும்மாதானே இருக்கேன் கண்ணு" என்பாள். ஒரு நாள் மத்தியானம் மரிஸா கண் விழித்துப் பார்த்தால் தொட்டில் காலி. கத்திக்கொண்டு வீடெல்லாம் ஓடினாள். பின்பக்கம் லவோன் குழந்தையைக் கம்பளியில் சுற்றி இடுப்பில் வைத்துக்கொண்டு குருவி காட்டிக்கொண்டிருந்தாள். "நீ கொஞ்சம் தூங்கட்டுமேன்னுதான்" என்றாள். அது பொய்யில்லை. ஆனால் அந்தக் காலித் தொட்டிலைப் பார்த்த நடுக்கம் மரிஸாவுக்கு அன்று முழுக்க அடங்கவில்லை.

கணினித் திரையில் வாராவாரம் அவளோடு பேசும் ஆலோசகர் ஒருத்தி இருந்தாள். பாசம் இருக்கிற இடத்திலும் வேலி வேண்டும், எதுவரை வரலாம் என்பதை வாய்விட்டுச் சொல்லுங்கள், வேண்டாம் என்பதே முழுப் பதில், அதற்குமேல் காரணம் சொல்லிக்கொண்டிருக்கத் தேவையில்லை என்றாள். மரிஸா கண்ணாடி முன்னால் நின்று ஒத்திகை பார்த்தாள். பிறகு சமையலறை மேசை முன்னால் மாமியாரை உட்காரவைத்துச் சொன்னாள்.

"சாவிய நான் வாங்கிக்கறேன், லவோன். இனிமே வாசல்ல லைட் எரிஞ்சா மணி அடிங்க. லைட் அணைஞ்சிருந்தா குழந்தை தூங்குதுன்னு அர்த்தம். அப்ப மணியும் அடிக்காதீங்க, கதவையும் தட்டாதீங்க. நாங்க கூப்பிட்ட பிறகு உள்ள வாங்க. இது எனக்கு வேணும்."

லவோன் சாவியை வளையத்திலிருந்து கழற்றப் பார்த்ததில் நகம் ஒன்று ஒடிந்தது. ஒடிந்த நகத்தை மறைத்துக்கொண்டு சிரித்தாள். "நல்ல ஏற்பாடுதான் கண்ணு. முன்னாடியே சொல்லியிருக்கக் கூடாதா? நான் ஒரு மண்டு." அவள் கோபப்பட்டிருந்தால் மரிஸாவுக்கு எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும்.

அதற்குப் பிறகு அந்தக் கட்டளையை லவோன் மீறியதே இல்லை. விளக்கு அணைந்திருந்தால் சாலையிலிருந்தே காரைத் திருப்பிக்கொண்டு போய்விடுவாள். எரிந்தால் ஒரே ஒரு தடவை மணி அடித்துவிட்டு இரண்டடி பின்னால் தள்ளி நிற்பாள். இதில் அந்த ஊர்க்காரர்களுக்கே உரிய சங்கதி ஒன்று உண்டு. உள்ளே வாருங்கள் என்றால் உடனே வந்துவிடமாட்டார்கள். முதல் தடவை 'ஐயோ வேண்டாம்'. இரண்டாம் தடவை 'உனக்கு எதுக்குத் தொந்தரவு'. மூன்றாவது தடவையும் கூப்பிட்டால்தான் மனசாரக் கூப்பிடுகிறார்கள் என்று எடுத்துக்கொண்டு காலணியைக் கழற்றுவார்கள். நியூஜெர்சியில் பிறந்து வளர்ந்த மரிஸா, கல்யாணமான புதிதில் இது தெரியாமல் எத்தனையோ பேரை வாசலோடு அனுப்பியிருக்கிறாள். அவள் புருஷன் கர்ட் அதை ஊரெல்லாம் சொல்லிச் சிரிப்பான். அதெல்லாம் பழைய கதை. வருஷக்கணக்காக அங்கே குப்பை கொட்டிய பிறகு அவளுக்கு எல்லாம் அத்துப்படி. தெரியாமல் செய்துவிட்டேன் என்று சொல்லிக்கொள்ள இப்போது வழியே இல்லை.

அந்த ஜனவரி சாயங்காலம் விளக்கு எரிந்துகொண்டிருந்தது. மணி அடித்தது. ஹாட்டிஷ் பாத்திரத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு லவோன் நின்றாள்; பின்னால் பனி சாய்வாக இறங்கிக்கொண்டிருந்தது. கர்ட் காகித ஆலையில் இரவு வேலைக்குப் போயிருந்தான். மரிஸாவுக்கு அன்று தலைவலி. உள்ளே வாங்க என்றாள். ஐயோ வேணாம் என்றாள் லவோன். காபி குடிச்சிட்டுப் போங்க என்றாள். உனக்கு எதுக்குத் தொந்தரவு என்றாள் லவோன். மரிஸா பாத்திரத்தை வாங்கிக்கொண்டு, "சரி, பார்த்துப் போங்க" என்று கதவைச் சாத்தினாள். மூன்றாவது தடவையை வேண்டுமென்றேதான் விட்டாள். சாத்திவிட்டு வாசல் விளக்கையும் அணைத்தாள்.

வெளியே கார் கிளம்பவில்லை. இருமி இருமி நின்றுபோனது. கொஞ்ச நேரம் கழித்து, கடுங்குளிரில் பனியை மிதித்தால் கேட்கும் அந்தக் கீச்சுச் சத்தம் வாசலை நோக்கி வந்தது. படி ஏறியது. நின்றது. மரக்கதவின் மேல்பாதியில் பதித்திருந்த மங்கல் கண்ணாடியில் கறுப்பாக ஒரு தலை தெரிந்தது. மரிஸா கதவுக்கு இந்தப் பக்கம் கை எட்டும் தூரத்தில் நின்றாள். மணி அடிக்கட்டும், திறக்கிறேன் என்று நினைத்தாள். மணி அடிக்கவில்லை. பின்னால் தரையில் ஹன்னா கரண்டியைத் தட்டிக் கலகலவென்று சிரித்தாள். அந்தத் தலை கொஞ்சம் சாய்ந்து கேட்டது. பிறகு கீச்சு, கீச்சு என்று இறங்கிப் போனது.

பக்கத்து வீட்டுக்குப் போயிருப்பாள் என்று மரிஸா நினைத்துக்கொண்டாள். பக்கத்து வீடு வயல்களுக்கு அப்பால் இருந்தது. ஹாட்டிஷைச் சாப்பிட்டாள், தூங்கினாள். காலையில் சாலையில் பனி தள்ளும் வண்டிக்காரர், அவர்கள் நிலம் முடியும் இடத்தில், தபால் பெட்டிக் கம்பத்தில் சாய்ந்து உட்கார்ந்த நிலையில் லவோனைக் கண்டெடுத்தார். செல்போன் அவள் வீட்டில் சார்ஜில் கிடந்தது.

"குழந்தையக் குளிப்பாட்டிக்கிட்டு இருந்தேன். எதுவும் கேக்கல" என்று மரிஸா போலீசிடம் சொன்னாள், கர்ட்டிடம் சொன்னாள், அடக்கத்துக்குப் பிறகு தேவாலயத்தின் கீழ்த்தளத்தில் காபியும் பன்றிக்கறி வைத்த ரொட்டியும் பரிமாறிய பெண்களிடம் சொன்னாள். ஒருத்தியும் அவளைக் குற்றம் சொல்லவில்லை. "அவ சுபாவம் அது. சாகறப்பக்கூட யாருக்கும் தொந்தரவு குடுக்கல பாரு" என்று அவள் முதுகைத் தடவிக்கொடுத்தார்கள். அந்தத் தடவலை மரிஸாவால் தாங்க முடியவில்லை.

அவளுடைய பழியைக் கர்ட் தன் தலையில் எடுத்துப் போட்டுக்கொண்டான். அம்மாவின் கார் பேட்டரியை மாற்றித் தருவதாகச் சொல்லிச் சொல்லித் தள்ளிப்போட்டிருந்தான். இப்போது சாப்பாட்டின் நடுவே முள்கரண்டியை வைத்துவிடுவான். "ஒரு பேட்டரி, மரிஸா. அரை மணி நேர வேலை" என்பான். அவள் அவன் கையைப் பிடித்துக்கொள்வாள். சொல்லவேண்டியதைச் சொல்லாமல் அவன் தட்டில் இன்னும் கொஞ்சம் பரிமாறுவாள்.

பனி வட்டத்தைப் பார்த்த மறுநாளிலிருந்து சத்தம் தொடங்கியது. ஜன்னல்களில் நீலம் மங்கிக் கறுப்பாகும் நேரம், கர்ட் வேலைக்குப் போன பிறகு, கீழ்த்தளத்துச் சூடேற்றி ஒரு மூச்சு விட்டு ஓயும் இடைவெளியில், தூரத்தில் தபால் பெட்டிப் பக்கமிருந்து அந்தக் கீச்சுச் சத்தம் கிளம்பி, அவசரமே இல்லாமல் பாதை நெடுக வந்து, மரப்படியில் ஏறி, இரண்டு தட்டுத் தட்டிப் பூட்ஸிலிருந்து பனியை உதறிவிட்டு, அப்படியே நின்றுவிடும். மான் என்று முதல் நாள் நினைத்தாள். மான் காலை உதறிவிட்டு வாசலில் நிற்குமா? மறுநாள் டிவியைச் சத்தமாக வைத்தாள். அதற்கடுத்த நாள் குழந்தையோடு குளியலறைக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டு, தொட்டி விளிம்பில் உட்கார்ந்திருந்தாள். தண்ணீர்ச் சத்தத்துக்கு நடுவிலும் வாசலில் ஒருவர் நிற்பது அவளுக்குத் தெரிந்தது. கதவிடுக்கில் ஈரக் கம்பளி வாடையும், லவோன் கையில் பூசிக்கொள்ளும் ரோஜாக் களிம்பின் வாடையும் வந்தன.

அது கதவைத் தட்டவில்லை. மணியைத் தொடவில்லை. கெடுதல் செய்ய வந்தது என்றால் தட்டியிருக்கும், உடைத்திருக்கும், அலறியிருக்கும். அப்போது மரிஸாவும் அலறியிருக்கலாம். இது சொன்ன பேச்சைக் கேட்டுக்கொண்டு நின்றது. விளக்கு அணைந்திருக்கிறது, குழந்தை தூங்குகிறது, அவ்வளவுதான்.

"யாரு இங்க வந்து நிக்கறாங்க?" என்று ஒரு நாள் காலை கர்ட் வாசலிலிருந்து கேட்டான். மிதியடியின்மேல் பனி மிதிபட்டு மிதிபட்டு இறுகி, சின்னதாக இரண்டு பாதங்களின் அளவுக்கு ஐஸ் கட்டியிருந்தது.

"பார்சல்காரனா இருக்கும்" என்றாள் மரிஸா.

"பார்சல்காரன் இவ்வளவு நேரமா நிப்பான்?" அவன் மண்வெட்டியால் அதைக் கொத்திப் பெயர்த்தான்.

அவளை அதைவிடப் பயமுறுத்தியது ஹன்னா. அப்போதுதான் தவழப் பழகியிருந்த குழந்தை, சாயங்காலமானால் எந்த மூலையில் இருந்தாலும் விடுவிடுவென்று கதவருகே போய் உட்கார்ந்துகொள்ளும். மரக்கதவைப் பார்த்து ஏதோ பேசும். நிறுத்தும். பதில் கேட்பதுபோல் இருக்கும். பிறகு கை தட்டிச் சிரிக்கும். கை தட்டச் சொல்லிக்கொடுத்தது லவோன். மரிஸா ஓடிப்போய்த் தூக்கினால் வீறிட்டு அழும். அழுதால் வெளியே படி மெல்ல முனகும், யாரோ ஒரு காலிலிருந்து மறு காலுக்கு மாறி நிற்பதுபோல. குழந்தை அழுவதைக் கேட்டும் உள்ளே வரமுடியாமல் தவிக்கிறாள் என்று மரிஸாவுக்குப் புரிந்தது. பயத்தோடு வெட்கமும் சேர்ந்து அவளைப் பிடுங்கியது.

ஒரு சனிக்கிழமை சாயங்காலம் கர்ட் வேலைக்குக் கிளம்பி, கோட்டு மாட்டிக்கொண்டு, கதவுப் பிடியில் கை வைத்தவன் அப்படியே நெற்றியைக் கதவில் முட்டிக்கொண்டு நின்றான். தோள் குலுங்கியது.

"நான்தான் கொன்னேன் அவங்கள."

"அப்படிச் சொல்லாத, கர்ட்."

"பின்ன யாரு?"

இதுதான் நேரம். வாயைத் திறந்தாள். சூடேற்றி ஓடும் சத்தம் கேட்டது. குழந்தை கையைச் சப்பும் சத்தம் கேட்டது. "யாரும் இல்ல" என்றாள்.

அவன் மூக்கைத் துடைத்துக்கொண்டு சுவிட்சைத் தட்டினான். வாசல் மஞ்சளாக வெளிச்சமானது. "அம்மா இருட்டுல நடந்து போயிருக்காங்க. இனிமே இந்த லைட்ட யாரும் அணைக்கக் கூடாது. சரியா?"

"சரி."

காரின் பின்விளக்குகள் சாலைத் திருப்பத்தில் மறைந்தன. மரிஸா திரும்பி ஓடி வந்து சுவிட்சின்மேல் விரலை வைத்தாள். அழுத்தவேண்டியதுதான். அதற்குள் படியில் காலடி. பூட்ஸை உதறும் சத்தம், இரண்டு தட்டு.

மணி அடித்தது. ஒரே ஒரு தடவை.

அவள் அசையவில்லை. ஹன்னா கதவருகே உட்கார்ந்து கை தட்டினாள். வெளியே இரண்டடி பின்னால் நகரும் சத்தம். மணி அடித்துவிட்டுத் தள்ளி நிற்கும் மரியாதை. மங்கல் கண்ணாடியில் அதே தலை. அன்றைக்கு நின்ற அதே இடத்தில், அதே தூரத்தில் தானும் நிற்பதை மரிஸா உணர்ந்தாள். ஒரு தடவை இப்படி நின்றாயே, மறுபடியும் நிற்கப்போகிறாயா என்று அவளையே அவள் கேட்டாள். கை தானாகத் தாழைத் திறந்தது.

லவோன் நின்றாள். நாவல்பழ நிறக் கோட்டு, தானே பின்னிய தொப்பி. தோளில் பனி. முகம் வெள்ளையாக, மெழுகுபோல் வழவழப்பாக இருந்தது. புருவத்தில் சின்னச் சின்ன ஐஸ் மணிகள். கண்கள் மிதியடியைப் பார்த்தபடி இருந்தன. அவள் வாயிலிருந்து புகை வரவில்லை.

"உள்ள வாங்க, லவோன்" என்றாள் மரிஸா.

"ஐயோ, வேணாம் கண்ணு."

"குளிருது. வாங்க."

"உனக்கு எதுக்குத் தொந்தரவு."

பனி விழுந்துகொண்டிருந்தது. லவோன் மிதியடியைப் பார்த்துக்கொண்டு பொறுமையாக நின்றாள். இப்போது 'சரி, பார்த்துப் போங்க' என்று சொல்லிக் கதவைச் சாத்திவிடலாம். அவள் போய்விடுவாள், முணுமுணுக்காமல் போய்விடுவாள். உடம்பில் ஒவ்வொரு மயிர்க்காலும் சாத்து, சாத்து என்றது. ஆனால் சாத்தியவள் அவள்தானே. அதே கையால் இன்னொரு தடவை அவளால் முடியவில்லை.

"வாங்க" என்றாள். "தயவுசெஞ்சு உள்ள வாங்க. காபி போடறேன்."

லவோனின் முகம் மலர்ந்தது. உதட்டோரம் மெல்லிய ஐஸ் விரிசல் விட்டது. "நீ இவ்வளவு சொல்றதால. ஒரு நிமிஷம்தான்."

உள்ளே வந்து, சுவரைப் பிடித்துக்கொண்டு, எப்போதும்போல் பூட்ஸைக் கழற்றி ஓரமாக வைத்தாள். கல்லைக் கீழே வைத்த சத்தம் கேட்டது. சமையலறை மேசையருகே தன்னுடைய வழக்கமான நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தாள். கோட்டைக் கழற்றவில்லை. தோளில் இருந்த பனி உருகவில்லை. மரிஸா காபியை ஊற்றி வைத்தாள். கோப்பையை லவோன் இரண்டு கையாலும் பிடித்ததும் ஆவி அடங்கியது. கொஞ்ச நேரத்தில் காபியின்மேல் மெல்லிய ஏடு ஒன்று படிந்தது. பால் ஏடு இல்லை.

"நல்லா இருக்கு காபி" என்றாள் குடிக்காமல்.

ஹன்னா தவழ்ந்து வந்து நாற்காலிக் காலைப் பிடித்து நிற்கப் பார்த்தாள். லவோனின் கைகள் தூக்கப் போய், பாதியில் நின்றன.

"தூக்கலாமா? கேட்டுட்டுத்தானே தூக்கணும்."

வேண்டாம். அந்த ஒரு சொல் போதும், காரணம் தேவையில்லை, அதுவே முழுப் பதில். மரிஸாவின் நாக்கில் அது இருந்தது. லவோனின் கண்ணைப் பார்த்தாள். இமைமுடிகள் ஒன்றோடொன்று ஒட்டி உறைந்திருந்தன. "தூக்குங்க" என்றாள்.

குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு லவோன் முன்னும் பின்னும் ஆடினாள். சூடேற்றி கீழே ஓடிக்கொண்டேதான் இருந்தது. ஆனாலும் அறையில் குளிர் தண்ணீரைப்போல் ஏறியது. மரிஸாவின் மூச்சு புகைந்தது. ஹன்னாவின் மூச்சும் குட்டிக் குட்டியாகப் புகைந்தது. மூன்றாவது மூச்சு இல்லை.

மரிஸாவுக்கு அழுகை வெடித்தது. "நான் கதவுக்குப் பின்னாடிதான் நின்னேன், லவோன். நீங்க நிக்கறது தெரிஞ்சுது. கார் ஸ்டார்ட் ஆகலைன்னு தெரிஞ்சுது. தெரிஞ்சேதான் திறக்கல."

"தெரியும் கண்ணு." குரலில் கோபமே இல்லை. "உன் நிழல் தெரிஞ்சுது. குழந்தை சிரிக்கறதும் கேட்டுது. ஆனா லைட் அணைஞ்சிருந்துதே. தூங்கற குழந்தை எப்படிச் சிரிக்கும், காதுதான் சரியில்ல நமக்குன்னு நினைச்சுக்கிட்டேன்."

"என்ன மன்னிச்சிடுங்க."

"ஐயோ, அதெல்லாம் எதுக்கு. நீ ஒண்ணும் கவலப்படாத." அவள் ஹன்னாவின் தலையை முகர்ந்தாள். "தபால் பெட்டிகிட்ட உக்காந்தப்ப ரொம்பக் குளிருச்சு. அப்புறம் குளிரவே இல்ல. இவள ஒரு தடவ தூக்கணும்னு மட்டும்தான் இருந்துது."

ஹன்னா இவ்வளவு நேரமும் சப்பிக்கொண்டிருந்த கையை வாயிலிருந்து எடுத்தாள். எச்சில் பளபளத்தது. அந்தக் கையை நீட்டிப் பாட்டியின் கன்னத்தில் பட்டென்று வைத்தாள்.

கை அங்கேயே இருந்தது.

குழந்தை இழுத்தாள். வரவில்லை. விளையாட்டு என்று நினைத்துச் சிரித்தாள். மரிஸா எழுந்தாள். நாற்காலி பின்னால் சாய்ந்து விழுந்தது. ஈர நாக்கை உறைந்த இரும்பில் வைத்தால் என்ன ஆகும் என்பது அந்த ஊர்ப் பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் போகுமுன்பே தெரியும். இழுக்கக் கூடாது. இழுத்தால் தோல் அங்கேயே தங்கிவிடும்.

"சரி" என்றாள் லவோன். அந்த ஊர்க்காரர்கள் கிளம்பும்போது செய்வதுபோல் தன் தொடையில் ஒரு தட்டுத் தட்டினாள். "நான் கிளம்பறேன்."

"குழந்தையக் குடுங்க."

"உனக்கு எதுக்குத் தொந்தரவு."

"லவோன், குடுங்க. கை ஒட்டிக்கிச்சு."

"நீ எவ்வளவு களைச்சிருக்க, பாவம். கொஞ்சம் தூங்கு." எழுந்தாள். ஹன்னாவை இடுப்பில் ஏற்றிக்கொண்டாள். மரிஸா குழந்தையின் உடம்பைப் பிடித்தாள். பிடித்த இழுப்பில் அந்தச் சின்ன மணிக்கட்டில் தோல் விறைத்து நீண்டது. விட்டுவிட்டாள். குனிந்து, கன்னத்துக்கும் உள்ளங்கைக்கும் நடுவே வாயை வைத்து ஊதினாள். சூடாக. வயிற்றிலிருந்து. இன்னும். இன்னும்.

லவோன் நடந்தாள். அந்த ஊரில் விடைபெறுவது ஒரு நொடியில் முடியும் காரியமில்லை. அடுப்பருகே நின்று, வீடு சுத்தமாக இருக்கிறது என்றாள். நடையில் நின்று, கர்ட்டைக் கேட்டதாகச் சொல்லச் சொன்னாள், பேட்டரிக்காக அவன் வருத்தப்பட வேண்டாம் என்றாள். வாசலில் சுவரைப் பிடித்துக்கொண்டு பூட்ஸை மாட்டினாள். ஒவ்வொரு இடத்திலும் மரிஸா பக்கவாட்டில் குனிந்து ஊதிக்கொண்டே போனாள். கண்ணீர் கன்னத்தில் இறுகியது. மூச்சில் சூடு குறைந்தது. உதட்டில் ரோஜாக் களிம்பின் வாடை.

கதவு திறந்தது. இருட்டு. பனி. பாதை நெடுக, தபால் பெட்டிவரை, யாரும் மிதிக்காத வெள்ளை.

"ஒரு நிமிஷம்" என்றாள் மரிஸா. "ஒரே நிமிஷம் நில்லுங்க. கெஞ்சிக் கேக்கறேன்."

"அவசரமே இல்ல கண்ணு. நீ மெதுவா எடு."

ஊதினாள். சுண்டுவிரல் அசைந்தது. விடுபட்டது. முனையில் சிவப்பாக ஒரு சொட்டு.

லவோன் முதல் படியில் இறங்கினாள்.

ஊதினாள். மோதிரவிரல். இன்னொரு படி. காலுறை பனியில் நனைந்தது. இன்னும் மூன்று விரல்தான். மூன்று விரலும் உள்ளங்கையும். ஊதினாள். மூச்சு வரவில்லை. இழுத்து ஊதினாள்.

ஹன்னாவுக்குக் குஷி தாங்கவில்லை. கெக்கலித்தாள். மற்றக் கையை வாயிலிருந்து எடுத்து, எச்சில் சொட்டச் சொட்ட, பாட்டியின் மறு கன்னத்தில் வைத்தாள்.